டயர்க் கடைக்குப் பின்னால் ஒரு வெளிவீதி

அன்று மண்டபத்தில் இருந்தவர்கள்:

இராசலிங்கம் அண்ணை, கோயில் சபைத் தலைவர், ஜெர்மனியில் பீலெஃபெல்ட் நகரத்தில் டிராம் ஓட்டுபவர்.
அவருடைய மனைவி சிவமலர் அக்கா, இரண்டு முழங்காலும் பழுது.
சோமாஸ்கந்தக் குருக்கள், வேறு நகரத்திலிருந்து ரயிலில் பசியோடு வந்தவர்.
முத்துமாரி அம்மன், ஐம்பொன், ஒரு முழ உயரம், மஞ்சள் துணி சுற்றி மேசைமேல் இருந்தவள்.
வினோஜன், அதாவது நான், இரவு வேலை முடித்துத் தூங்காமல் வந்தவன்.

2004ஆம் ஆண்டு வைகாசி மாதம். மண்டபம் அதுவரை தரைக்கம்பளம் விற்ற கடை. பசை மணம் இன்னும் போகவில்லை. அண்ணை இரட்டைக் கதவை விரியத் திறந்து வைத்துவிட்டு வெயிலைக் காட்டினார்.

"பாருங்கோ ஐயா, நேர் கிழக்கு. திசைகாட்டி வைச்சுப் பாத்தனான்."

குருக்கள் தலையாட்டினார். இடப்பக்கச் சுவருக்குப் போய் விரலால் தட்டினார். சுவருக்கு அப்பால் வானொலி பாடிக்கொண்டிருந்தது.

"உதுக்கு அங்காலை என்ன?"

"டயர் கடை."

வலப்பக்கச் சுவரைத் தட்டினார். "உதுக்கு அங்காலை?"

"குத்துச்சண்டை பழக்கிற இடம்."

"பின்னாலை?"

"ரயில் பாதை."

குருக்கள் கதிரையை இழுத்துப் போட்டு உட்கார்ந்தார். "அப்ப அம்மன் எதைச் சுத்துவா?"

அக்கா அண்ணையைப் பார்த்தார். அண்ணை கதவைப் பார்த்தார்.

நடந்தது இதுதான். அண்ணை இரண்டு வருடமாக மண்டபம் தேடினார். பார்த்ததெல்லாம் மேற்கு வாசல், வடக்கு வாசல். ஒரு மண்டபத்துக்குத் தெற்கு வாசல், அதைப் பார்த்த அன்று அவர் சாப்பிடவில்லை. கடைசியில் கிழக்கு வாசல் ஒன்று கிடைத்ததும் அன்றே கையெழுத்துப் போட்டுவிட்டார். அது ஒட்டிக் கட்டிய ஒரு தொடர் கட்டடத்தின் நடுப்பகுதி என்பதும், அதைச் சுற்றிப் போக வழியில்லை என்பதும் அவர் கண்ணில் படவில்லை. கதவு கிழக்கைப் பார்த்தது. அவருக்கு அது போதுமாயிருந்தது.

அக்காவின் விஷயத்தை இங்கேயே சொல்லிவிடுகிறேன். தொண்ணூற்று ஐந்தில் யாழ்ப்பாணம் இடம்பெயர்ந்தபோது அவருடைய தம்பி காணாமல் போனான். அப்போது இந்த அம்மனுக்குச் சிலை கிடையாது. ஒரு அடுக்குமாடியின் நிலவறையில், துணி துவைக்கும் இயந்திரங்களுக்குப் பக்கத்தில், சட்டம் போட்ட படமாக இருந்தாள். அந்தப் படத்தின் முன்னால் அக்கா நேர்ந்துகொண்டார்: தம்பி உயிரோடு கிடைத்தால், உனக்கென்று கோயிலைச் சுற்றி ஒரு வெளிவீதி வந்து நீ அதைச் சுற்றும் முதல் நாளில் உன் பின்னால் அடி அழிப்பேன். ஓரடி வைத்து, முழந்தாளிட்டு, நெற்றி நிலத்தில் பட விழுந்து கும்பிட்டு, எழுந்து, அடுத்த அடி வைக்க வேண்டும். வீதி முழுவதும் அப்படியே.

தம்பி கிடைத்தான். இப்போது கனடாவில் இருக்கிறான், நன்றாகப் பருத்துவிட்டான். வீதி மட்டும் கிடைக்கவில்லை. வருகிற புரட்டாதியில் அக்காவுக்கு முழங்கால் மாற்றுகிற சத்திரசிகிச்சைக்கு டெர்மின் என்று நாள் குறித்துக் கொடுத்திருந்தார்கள். அதன் பிறகு நடக்கலாம், படி ஏறலாம், முழந்தாளிடக் கூடாது என்று மருத்துவர் சொல்லிவிட்டார். திருவிழா ஆடியில். இந்த ஆடி போனால் பிறகு இல்லை.

வேறு கோயிலில் செய்தால் என்ன என்று நான் ஒருமுறை கேட்டேன்.

"நேர்ந்தது இவவுக்கு. இஞ்சை வாங்கின சாமானை அடுத்த கடையிலை திருப்பிக் குடுக்கேலுமோ?" என்றார்.

நான் அவர்களுடைய வீட்டு மேல் அறையில் இருந்தேன். வேலை ரொட்டி சுடுகிற பாண் தொழிற்சாலையில், இரவு முறை. விடிந்து வீட்டுக்கு வந்தால் அக்கா புட்டு வைத்திருப்பார். பாணைக் காட்டினால் நான் எழுந்து போய்விடுவேன் என்று அவருக்குத் தெரியும். கூட்டம் நடந்ததற்கு மறுநாள் காலையும் புட்டுத்தான். அண்ணை முதல் டிராமுக்குப் போய்விட்டார். இரண்டு பேரும் முதல்நாள் இரவு முழுவதும் ஒரு வார்த்தை பேசவில்லை என்பது சமையலறையில் பாத்திரம் வைக்கப்பட்ட விதத்திலேயே தெரிந்தது.

"என்ன பேராசிரியர்," என்றார் அக்கா. படிப்பைப் பாதியில் விட்ட நாளிலிருந்து நான் அவருக்குப் பேராசிரியர். "ஆறு வருசம் கிரேக்கன்ரை கோயிலைப் படிச்சனி. அவங்கடை கோயிலுக்கு வெளிவீதி இருந்ததோ?"

"இல்லை அக்கா. அவங்கள் எங்களைப்போலை சுத்திறேல்லை. ஊர்வலமா வந்து முன்னாலை நிக்கிறது."

"உள்ளுக்கோ?"

"வெளியிலை. பலிபீடம் வாசலுக்கு முன்னாலை வெட்டவெளியிலை இருக்கும். பூசையெல்லாம் அங்கைதான். கோயிலுக்குள்ளை சிலையும், சனம் குடுத்த சாமானும்."

"மழை பெய்தால்?"

"நனையிறதுதான்."

"அப்ப என்னத்துக்கு அவ்வளவு பெரிய கட்டடம்?"

பல்கலைக்கழகத்தில் இப்படி நேராக யாரும் கேட்டதில்லை.

"கட்டடம் பேந்து வந்ததக்கா. முதல் வந்தது இடம். ஒரு ஊத்து, ஒரு பாறை வெடிப்பு, ஒரு மரம். டொடோனா எண்டொரு இடம். கனகாலம் அங்கை கடவுளுக்கு ஒரு ஓக் மரம் மட்டும்தான். சுத்திவர வெண்கலக் கிடாரம் வைச்சிருந்ததெண்டு சொல்லுவினம், வேலி மாதிரி. அவ்வளவும்தான் கோயில்."

"சோறு காய்ச்சிற கிடாரம் எங்களிட்டையும் கிடக்கு," என்றார் அக்கா. "மண்டபத்துக்குப் பின்னாலை ஓக் மரமும் ஒண்டு நிக்குது. என்ரை முழங்கால்தான் நிக்காது போலை."

அதைச் சொல்லிவிட்டு எனக்கு இன்னும் கொஞ்சம் புட்டுப் போட்டார்.

நான் கிரேக்கத்தைப் பார்த்ததில்லை. வகுப்பு அங்கே பயணம் போனபோது என் கையிலிருந்த அகதி விண்ணப்பக் கடதாசி மாநில எல்லையைத் தாண்ட விடவில்லை. அடுத்த முறையும் அதுவே நடந்தது. எல்லைக் கற்களைப் பற்றி எழுதத் தொடங்கிய ஆய்வை அப்படியே விட்டேன். அதற்காக யாரும் பரிதாபப்பட வேண்டாம். பாண் தொழிற்சாலையில் வேலை ஒழுங்காக இருக்கிறது, யாரும் கேள்வி கேட்பதில்லை.

அன்று தூங்கப் போகாமல் மண்டபத்துக்குப் போனேன். பின்பக்கத்தில் கட்டடத் தொடருக்கும் ரயில் பாதை மேட்டுக்கும் இடையில் ஒரு பாரவண்டி போகிற அகலத்துக்கு நீளமாக ஒரு துண்டு நிலம் கிடந்தது. பழைய டயர்க் குவியல்கள், காஞ்சொண்டிச் செடிகள், அக்கா சொன்ன ஓக் மரம். தண்டவாளத்துக்கு அப்பால் மலைக்காடும் அதன்மேல் கோட்டைக் கோபுரமும் தெரிந்தன. கிரேக்கர்கள் எதிரே எந்த மலை தெரிகிறது என்று பார்த்துத்தான் கோயிலுக்கு இடம் பிடித்தார்கள் என்று ஒரு கட்சி அறிஞர்கள் சொல்வார்கள். மற்றக் கட்சி சிரிக்கும். பாசாயில் அப்பல்லோவின் கோயில் கிழக்கை விட்டு வடக்கைப் பார்த்து நிற்கிறது, பக்கச் சுவரில் கிழக்குக்கென்று தனியாக ஒரு வாசல். ஏன் என்று இன்றுவரை அடிபடுகிறார்கள். ஒரு விஷயத்தில் மட்டும் எல்லோரும் ஒன்று. கோயில் நிலம் என்பதற்கு அவர்கள் வைத்த சொல்லுக்கே வெட்டி எடுத்தது என்றுதான் பொருள். எல்லை போட்டாயிற்று என்றால் உள்ளே இருப்பதெல்லாம் கடவுளுடையது. சமையலறை, விடுதி, மாடு, மரம், எதுவானாலும்.

மண்டபத்தைச் சுற்ற முடியாவிட்டால் முழுத் தொடரையும் சுற்றலாம். எனக்கு அதுவரை தூக்கம் வந்துகொண்டிருந்தது. பிறகு வரவில்லை.

தொலைபேசியில் குருக்களிடம் சொன்னேன். அக்கா பக்கத்தில் காது வைத்துக்கொண்டு நின்றார்.

"தம்பி, டயர் கடை அம்மன்ரை பிரகாரத்துக்குள்ளை வருமோ?"

"மூலஸ்தானம் உள்ளுக்கு இருக்குதுதானே ஐயா? மற்றதும் கூட இருக்கட்டும்."

"குத்துச்சண்டையும்?"

அக்கா தொலைபேசியைப் பிடுங்கினார். "ஐயா, ஊரிலை திருவிழாவுக்குக் கடலைக் கடை, காப்புக் கடை, ஐஸ்கிறீம் வான் எல்லாம் நிக்கேல்லையோ? அம்மன் ஏதும் சொன்னவவோ?"

"அது வீதியிலை பிள்ளை. இது வீதிக்கு உள்ளை."

"அப்ப இவைக்குக் கூடப் புண்ணியம்."

குருக்கள் சிரித்துவிட்டார். ஆனால் ஒரு நிபந்தனை வைத்தார். எல்லை கண்ணுக்குத் தெரிய வேண்டும், நான்கு மூலையிலும் ஏதாவது அடையாளம் வேண்டும், அங்கே நின்றுதான் அவர் பூவும் சோறும் போடுவார்.

பின்பக்க நிலம் டயர்க் கடைக்காரருடையது. பெயர் போல்மான். அறுபது வயதிருக்கும். நீல வேலையுடை, வயதான ஒரு நாய். நிலத்தின் இரண்டு முனையிலும் இரும்பு வாயில், இரண்டிலும் அந்நியர் நுழையக் கூடாது என்ற பலகை. ஆடியில் ஒரு சனிக்கிழமை, ஒரே ஒரு சுற்று என்று விஷயத்தைச் சொன்னேன்.

"எத்தனை பேர்?" என்று கேட்டார்.

"அறுபது பேர் வரலாம்."

"சத்தம்?"

"இருக்கும்."

"நெருப்பு?"

"கற்பூரம் கொஞ்சம்."

டயர்க் குவியலைப் பார்த்தார். என்னைப் பார்த்தார்.

"நெருப்பு முன்பக்கம் மட்டும்," என்றேன்.

"சனிக்கிழமை ஒரு மணிக்கு எனக்கு வேலை முடிகிறது. ஒரு மணிக்குப் பூட்டுவேன். இந்தக் கடை தொடங்கிய நாளிலிருந்து ஒரு மணிதான்."

அண்ணையிடம் சொன்னபோது அவருக்கு முகம் மலர்ந்துவிட்டது. "ஒரு மணி எண்டால் ஒரு மணி. மனிசன் எண்டால் அப்பிடித்தான் இருக்க வேணும்." அக்கா மேசைக்குக் கீழே முழங்காலைத் தடவிக்கொண்டிருந்தார். அது இரண்டு பேரும் திரும்பப் பேசத் தொடங்கிய நாள் என்பதால், அடி அழிப்பவருக்கு அந்த நேரம் போதுமா என்று நானும் கேட்கவில்லை.

அடையாளத்துக்கு நான் பொறுப்பு. எனக்கு இதைவிட வேறு என்ன தெரியும்? ஏதென்ஸ் சந்தையில் எடுத்த எல்லைக் கல்லில் அந்தக் கல்லே பேசுகிற மாதிரி எழுதியிருக்கும்: நான் சந்தையின் எல்லை. கட்டட இடிபாட்டிலிருந்து நல்ல கற்களாக நான்கு எடுத்து, வெள்ளை அடித்து, நான்கு மூலையிலும் பாதி புதைத்து, உச்சியில் குங்குமம் வைத்தேன். இரண்டு கல் போல்மானின் நிலத்தில். வேலை அழகாக இருந்தது. வீட்டுக்குப் போய்ச் செத்தவன் மாதிரி தூங்கினேன்.

மத்தியானம் அண்ணை வந்து உலுப்பினார். "எழும்படா. டயர் கடைக்காரன் மண்டபத்து வாசலிலை நிண்டு குளறுறான்."

போனோம். போல்மான் என் கல் ஒன்றைக் கிளறி எடுத்துக் கைவண்டியில் வைத்துத் தள்ளிக்கொண்டு வந்திருந்தார். முகம் அந்தக் குங்குமத்தைவிடச் சிவப்பு. இந்த நாட்டில் எல்லைக் கல் என்பது சட்டம். அரசாங்க அளவையாளர் வந்து நட வேண்டும், மற்றவன் தொட்டாலே தண்டனை. ஆறு வருடம் எல்லைக் கற்களைப் படித்த நான் அவருடைய நிலத்தின் இரண்டு மூலையிலும் கல் நட்டு, சிவப்புப் பொட்டும் வைத்திருக்கிறேன். நிலம் பிடிக்கிறோம் என்று நினைத்துவிட்டார். வேறு எதை நினைப்பார்?

"உங்கள் கடவுளுக்கு எல்லை வேண்டுமென்றால் உங்கள் வாசலில் போடுங்கள். என் வாயில் இனித் திறக்காது."

உள்ளே கிடாரம் கழுவிக்கொண்டிருந்த அக்கா கையைத் துடைத்தபடி, கதவைப் பிடித்துப் பிடித்து வெளியே வந்தார். கைவண்டிக்குள் இருந்த கல்லைப் பார்த்தார். பிறகு என்னைப் பார்த்தார்.

"பேராசிரியர், இதுவோ நீ படிச்ச கல்?"

அப்புறம் போல்மானிடம் திரும்பினார். அக்காவின் ஜெர்மன் ஆஸ்பத்திரி துப்புரவு வேலையில் படித்தது. அதில் மரியாதைச் சொற்கள் கிடையாது, தேவையானது மட்டும் உண்டு. "முழங்கால், செப்டம்பர், புதுசு. பிறகு குனிய முடியாது. முதலில் நான் சுற்ற வேண்டும், முழங்காலில். நிலம் வேண்டாம். நிலம் இருந்தால் துடைக்க வேண்டும். எனக்குத் துடைக்க நிறைய இருக்கிறது."

போல்மான் கைவண்டியின் பிடியை விட்டார்.

"வலதா, இடதா?" என்றார்.

"இரண்டும்."

அவர் காற்சட்டையின் ஒரு காலை மேலே சுருட்டினார். முழங்காலில் நெடுக்காக ஒரு வெட்டுத் தழும்பு. அக்கா குனிந்து பார்த்துவிட்டு, வடிவாகத் தைத்திருக்கிறார்கள் என்று மெச்சினார். எந்த மருத்துவர், எத்தனை கிழமை கட்டில், படி ஏறும்போது எந்தக் கால் முதலில் என்று இரண்டு பேரும் பேசத் தொடங்கினார்கள். நானும் அண்ணையும் கல்லைக் காவல் காத்துக்கொண்டு நின்றோம்.

கடைசியில் போல்மான், "கல் கூடாது," என்றார். கடைக்குள் போய் நான்கு டயரை உருட்டிக்கொண்டு வந்தார். "இதை எந்த நீதிமன்றமும் எல்லைக் கல் என்று சொல்லாது."

வெள்ளை அடித்தோம். திருவிழாவுக்கு முதல்நாள் குருக்கள் வந்து பார்த்துவிட்டு நெற்றியில் கை வைத்தார்.

"டயருக்குப் பூப் போடச் சொல்லுறியளோ?"

"நடுவிலை பள்ளமா இருக்கு ஐயா," என்றார் அக்கா. "பூ காத்துக்குப் பறக்காது."

சனிக்கிழமை காலை மழை விட்டிருந்தது. அம்மனை ஏற்றச் சகடை தயார். அடியில் பொதி தள்ளுகிற வண்டி, மேலே பட்டும் பூவும். நாதஸ்வரத்துக்கும் மேளத்துக்கும் இரண்டு பேர் பாரிஸிலிருந்து வந்திருந்தார்கள். பின்பக்க வாயிலில் போல்மான் நின்றார். கையில் நீளப் பிடியோடு, சில்லு வைத்த ஒரு காந்தக் கட்டை. கடையில் சிந்துகிற ஆணியையும் திருகாணியையும் பொறுக்குவதற்கு வைத்திருப்பது. ஊர்வலம் வந்ததும் அதைத் தரையில் தேய்த்துத் தள்ளிக்கொண்டு மேளத்துக்கு முன்னால் நடக்கத் தொடங்கினார். முழங்கால், முழங்கால் என்று என்னைப் பார்த்துச் சொன்னார். டோர்ட்முண்டிலிருந்து வந்த ஒரு குடும்பம் அதையும் சடங்கு என்று நினைத்துக் கும்பிட்டது.

அக்கா எல்லோருக்கும் பின்னால். முன்பக்கம் தார்ச்சாலை, அதைச் சமாளித்துவிட்டார். பின்பக்கம் சரளை. விழுந்தால் எழும்ப ஒரு கை வேண்டும், அந்தக் கையை அவர் யாரிடமும் கேட்கவில்லை. ஓக் மரத்தடிக்கு வந்தபோது மேளம் அடுத்த முனையைக் கடந்துவிட்டது. சனமும் அதோடு போய்விட்டது. குத்துச்சண்டைப் பையன்கள் சன்னலில் நின்று பார்த்துவிட்டு, அக்கா ஒவ்வொரு முறை எழும்பும்போதும் கை தட்டத் தொடங்கினார்கள். யாரும் அவர்களை நிறுத்தவில்லை.

அண்ணை குடையை மடக்கிப் பிடித்தபடி பக்கத்தில் நடந்தார். ஒவ்வொரு நிமிடமும் கைக்கடிகாரத்தைப் பார்த்தார். கடைசியில் வாய் திறந்தார்.

"மலர், ஒரு மணியாகப் போகுது. அம்மனுக்குத் தெரியும். இவ்வளவும் காணும், நிப்பாட்டு."

அக்கா நெற்றியைச் சரளையில் வைத்திருந்தார். எழும்பினார். "இது உங்கடை டிராம் இல்லை, இடையிலை இறங்க."

அடுத்த அடி. விழுந்தார், எழும்பினார்.

"நான் கதவை மட்டும் பாத்திட்டன்," என்றார் அண்ணை.

"தெரியும். கதவு நல்ல கதவு." மூச்சு வாங்கியது. "தள்ளி நில்லுங்கோ, உங்கடை சப்பாத்திலை விழப்போறன்."

எங்கோ ஒரு தேவாலயத்தில் மணி அடித்தது. ஒன்று. நான் வெளியே போகிற அடுத்த வாயிலில் நின்றிருந்தேன். போல்மான் காந்தக் கட்டையைச் சுவரில் சாய்த்துவிட்டுச் சாவிக்கொத்தை எடுத்தார். என்னைத் தாண்டி, அண்ணையைத் தாண்டி, அக்காவையும் தாண்டி, நாங்கள் நுழைந்த வாயிலுக்கு நடந்து போய் அதைப் பூட்டினார். இழுத்தும் பார்த்தார். பிறகு எங்களை நோக்கித் திரும்பினார்.

"ஒரு மணிக்குப் பூட்டிவிட்டேன்," என்றார் அண்ணையிடம். அண்ணை கடிகாரத்தைப் பார்த்துத் தலையாட்டினார். ஒரு தொழிலாளி இன்னொரு தொழிலாளிக்குத் தலையாட்டுவது மாதிரி.

அதன் பிறகு போல்மான் அக்காவுக்குப் பின்னால் வந்தார். அக்கா விழுந்தால் நின்றார், எழும்பினால் ஓரடி வைத்தார். நாயும் அப்படியே செய்தது. முன்பக்கத்திலிருந்து சோறும் பருப்பும் மணந்தது. ஒரு ரயில் போனது, அதிலிருந்தவர்கள் என்ன நினைத்தார்களோ தெரியாது.

வாயிலுக்கு வெளியே மூலையில் வெள்ளை டயர், நடுவில் குருக்கள் போட்ட செவ்வந்தி. அக்கா ஓரடி வைத்து வாயிற்கோட்டைத் தாண்டி விழுந்தார். நெற்றி தார்ச்சாலையில் இருந்தது, பாதங்கள் இன்னும் உள்ளே. இந்த முறை கனநேரம் எழும்பவில்லை. அண்ணை குனிந்தார். போல்மான் என்னைப் பார்த்தார்.

"ஒண்டுமில்லை," என்றது தரையிலிருந்து அக்காவின் குரல். "தார் சூடாக் கிடக்கு. நல்லாயிருக்கு. அந்தாளைப் போகச் சொல்லுங்கோ, நேரம் போயிட்டுது."

அண்ணை கையை நீட்டினார். அக்கா அதைப் பார்த்துவிட்டு, வேண்டாம் என்று தலையை ஆட்டி, தானே எழும்பி இரண்டு பாதங்களையும் வெளியே எடுத்து வைத்தார். முன்பக்கத்துக்கு இன்னும் தூரம் இருந்தது. ஆனால் அது திறந்த வீதி, அதற்குப் பூட்டில்லை.

போல்மான் நாயை வெளியே விட்டார். வாயிலை இழுத்துச் சாத்தி, சங்கிலி போட்டு, அக்காவின் முதுகுக்குப் பின்னால் சாவியைத் திருப்பினார்.